1999ஆம் ஆண்டுப் பணிநீக்கத்தை இன்று நீதிமன்றத்தில் எதிர்க்க வழியுண்டா?

செந்தூல் மகள் கேட்கிறார்:

வணக்கம். சட்டமும் அரசு நிர்வாகமும் அறிந்த பெரியவர்கள் இங்கே இருப்பதால், எங்கள் குடும்பத்தின் நெடுநாள் விவகாரம் ஒன்றை உங்கள்முன் வைக்கிறேன். தேதிகள்தாம் இதில் முக்கியம் என்று எனக்குப் படுகிறது. அதனால் சற்று நீண்டாலும் எதையும் விடாமல் எழுதுகிறேன்.

என் அப்பா 1975இல் கோலாலம்பூரில் மலேசியக் கூட்டரசின் (மத்திய அரசின்) துறை ஒன்றில் கடைநிலை ஊழியராகச் சேர்ந்தார். துறையின் பெயரை இங்கே எழுதவில்லை. 1986இல் அவருக்கு ஓய்வூதியத் தகுதி வழங்கப்பட்டது. அந்தக் கடிதம் எங்களிடம் உள்ளது. பிரிக்பீல்ட்ஸில் அரசுக் குவார்ட்டர்ஸில் குடியிருந்த நாங்கள் 1996இல் செந்தூலுக்கு மாறினோம். புதிய முகவரியை அப்பா எழுத்து மூலம் அலுவலகத்திற்குத் தெரிவித்தார். அக்கடிதத்தின் நகலில், பெற்றுக்கொண்டதற்கு அடையாளமாக ஊதா நிறத்தில் ‘டித்தெரிமா’ முத்திரையும் தேதியும் ஒருவரின் சுருக்கொப்பமும் இருக்கின்றன.

1998 செப்டம்பரில் அப்பாவுக்குக் காசநோய் கண்டது. ஜாலான் பஹாங்கில் இருந்த காசநோய் மையத்தில் சேர்த்துச் சிகிச்சை அளித்தார்கள். பிறகு பல மாதங்கள் வீட்டிலிருந்தே போய் மருந்து எடுத்துக்கொண்டார். மருத்துவ விடுப்புச் சான்றுகளை அம்மாவே பேருந்தில் கொண்டுபோய் அலுவலக முகப்பிடத்தில் கொடுத்துவந்தார். அவற்றில் இரண்டின் நகல்களிலும் அதே ஊதா முத்திரை உள்ளது. மற்றவற்றுக்கு நகல் எடுத்துவைக்க வேண்டும் என்று அம்மாவுக்கு அன்று தோன்றவில்லை.

1999 பிப்ரவரியில் சம்பளம் நின்றது. மே மாதம் உடல் ஓரளவு தேறியதும் அப்பா அலுவலகத்திற்குப் போனார். அவர் வேலையிலிருந்து நீக்கப்பட்டுவிட்டதாகவும் கடிதம் வீட்டுக்கு அனுப்பப்பட்டுவிட்டதாகவும் முகப்பிடத்தில் வாய்மொழியாகச் சொல்லி அனுப்பிவிட்டார்கள். எந்தக் கடிதமும் எங்கள் வீட்டுக்கு வரவில்லை. அப்பா அதன்பிறகு அந்த அலுவலகத்தின் வாசலை மிதிக்கவே இல்லை. காசநோய் என்பதை உறவினர்களிடம்கூட மறைத்து வாழ்ந்தவர் அவர். வழக்கு என்று போனால் நோய் ஊருக்குத் தெரிந்துவிடும் என்ற அச்சம் அவரைக் கட்டிப்போட்டிருந்தது என்று அம்மா சொல்கிறார். ஒரு கிடங்கில் காவலாளியாகக் கடைசிவரை வேலை பார்த்துவிட்டுச் சென்ற ஆண்டு காலமானார்.

அவருடைய தகரப் பெட்டியில் இந்தத் தாள்களைக் கண்டெடுத்த பிறகுதான், விதவைகளுக்கு வழங்கப்படும் வாரிசு ஓய்வூதியத்திற்கு அம்மாவின் பெயரில் விண்ணப்பித்தோம். ஐந்து வாரங்களுக்கு முன் பதில் வந்தது. அப்பா பணிநீக்கம் செய்யப்பட்டவர் என்பதால் அம்மாவுக்குத் தகுதியில்லை என்று இரண்டே வரிகள். அதனுடன் 1999 ஏப்ரல் தேதியிட்ட பணிநீக்கக் கடிதத்தின் நகலையும் இணைத்திருந்தார்கள். அக்கடிதத்தை எங்கள் குடும்பத்தில் எவரும் கண்ணால் பார்த்தது அன்றுதான். மூன்று ஆண்டுகளுக்கு முன்பே நாங்கள் காலிசெய்துவிட்ட பிரிக்பீல்ட்ஸ் குவார்ட்டர்ஸ் முகவரிக்கு அது எழுதப்பட்டிருக்கிறது. அப்பா விடுப்பின்றி வேலைக்கு வரவில்லை என்றும், அவர் இருக்குமிடத்தை ‘டிகேசான்’ செய்ய, அதாவது கண்டறிய, இயலவில்லை என்றும், ஆகவே நீக்கப்பட்டவராகக் கருதப்படுகிறார் என்றும் அதில் உள்ளது.

இத்தனை ஆண்டுகள் கடந்தபின் அந்த முடிவை நீதிமன்றத்தில் எதிர்க்க முடியுமா? காலக்கெடு 1999இலிருந்து கணக்கிடப்படுமா, கடிதம் எங்கள் கைக்கு வந்த நாளிலிருந்தா? முதலில் துறைக்கே ஒரு மேல்முறையீடு எழுதிப் பார்ப்பது நல்லதா? அம்மாவுக்கு வயது 68. பணத்தைவிட, அப்பா வேலையை விட்டு ஓடிப்போனவர் என்று அரசுக் கோப்பில் எழுதப்பட்டிருப்பதுதான் அவருக்குப் பொறுக்கவில்லை.

---

பழைய நிர்வாக ஊழியர் எழுதுகிறார்:

மகளே, நான் வேறொரு துறையில் ஒழுங்கு நடவடிக்கைக் கோப்புகளைப் பல ஆண்டுகள் கையாண்டு ஓய்வுபெற்றவன். நீதிமன்ற நடைமுறையைப் பற்றி வழக்கறிஞர்கள் சொல்லட்டும். அந்தக் கடிதம் எந்த விதியின்கீழ் பிறந்தது என்பதை மட்டும் நான் விளக்குகிறேன்.

1993ஆம் ஆண்டு அரசு அதிகாரிகள் நடத்தை, ஒழுங்கு விதிகளில் 26ஆம் விதி என்று ஒன்று உண்டு. ஓர் ஊழியர் தொடர்ந்து ஏழு வேலை நாட்கள் விடுப்பின்றி வராமல் போய், அவர் இருக்குமிடமும் தெரியவில்லையென்றால், துறைத் தலைவர் அவருடைய கடைசியாக அறியப்பட்ட முகவரிக்குப் பதிவு அஞ்சலில் கடிதம் அனுப்பி உடனே வேலைக்குத் திரும்பும்படி உத்தரவிட வேண்டும். அதன்பிறகும் அவர் வராமல், அவர் எங்கே என்பதும் தெரியாமலிருந்தால் விவகாரம் ஒழுங்கு நடவடிக்கை வாரியத்திற்குப் போகும்; அரசிதழில் அறிவிப்பு வெளியாகும்; அதற்கும் பதில் இல்லையென்றால், அவர் வராமற்போன நாளிலிருந்தே நீக்கப்பட்டவராகக் கருதப்படுவார். உங்கள் அப்பாவின் கடிதத்தில் உள்ள ‘டிகேசான்’ என்ற சொல் இந்த விதியிலிருந்து வந்ததாகத்தான் எனக்குத் தெரிகிறது.

இந்த விதி உண்மையிலேயே காணாமற்போனவர்களுக்கானது. இருக்குமிடம் தெரிந்த ஊழியர்மேல் இதைப் பயன்படுத்தக் கூடாது. அவரைப் பணிநீக்கம் செய்ய விரும்பினால் 37ஆம் விதியின்படி குற்றச்சாட்டை எழுத்தில் தெரிவித்து, பதில் எழுத 21 நாள் கொடுத்திருக்க வேண்டும். ஆகவே ‘கடைசியாக அறியப்பட்ட முகவரி’ எது என்பதில்தான் உங்கள் வழக்கு முழுவதும் நிற்கிறது. 1996இலேயே செந்தூல் முகவரியைப் பெற்றுக்கொண்டு முத்திரை குத்திய அலுவலகம் 1999இல் பிரிக்பீல்ட்ஸுக்குக் கடிதம் எழுதியிருக்கிறது. விடுப்புச் சான்றுகளையும் அதே முகப்பிடம் வாங்கியிருக்கிறது. அதைவிட ஒன்று: அவர் அந்த மாதங்களில் அரசு மருத்துவமனையின் பதிவேட்டில் இருந்தவர். அரசின் ஒரு கை அவருக்கு மருந்து கொடுத்துக்கொண்டிருந்தபோது மறு கை அவரைக் காணவில்லை என்று எழுதியிருக்கிறது. படிக்கும்போது எனக்கு நெஞ்சு பொறுக்கவில்லை.

இன்னொரு செய்தி, பலருக்கும் தெரியாதது. அரசு ஊழியர்களுக்கான பொது உத்தரவுகளின் ‘சி’ பிரிவில் காசநோய், தொழுநோய், புற்றுநோய் ஆகியவற்றுக்கென்றே தனி விடுப்பு இருந்தது. சாதாரண மருத்துவ விடுப்புத் தீர்ந்துபோனாலும் அந்த விடுப்பை வழங்கியிருக்கலாம். நோய் நீடித்தால் மருத்துவ வாரியத்தின்முன் நிறுத்தி, உடல்நலக் காரணத்தால் ஓய்வளிக்கும் வழியும் இருந்தது. அப்படி ஓய்வு பெறுபவருக்கு ஓய்வூதியம் உண்டு. 24 ஆண்டுகள் உழைத்தவர் ஒருவரைக் கௌரவமாக வீட்டுக்கு அனுப்ப இத்தனை கதவுகள் திறந்திருந்தன.

சேவைப் பதிவேட்டின் நகலையும் ஒழுங்கு நடவடிக்கைக் கோப்பின் நகலையும் கேட்டு இன்றே துறைக்கு எழுதுங்கள். பதிவு அஞ்சல் திரும்பி வந்திருந்தால் அந்த உறையே கோப்பில் குத்தப்பட்டிருக்கும். அதுதான் எங்கள் வழக்கம். மருத்துவமனைக்கும் தனியாக எழுதி, சிகிச்சை பெற்ற தேதிகளைக் கேளுங்கள். என் கருத்தில், இவற்றைச் சேர்த்து முதலில் துறைத் தலைவருக்கு ஒரு மேல்முறையீடு அனுப்புவது நல்லது. நீதிமன்றம் ஏறாமலேயே தீர்ந்துபோன கோப்புகளை நான் பார்த்திருக்கிறேன்.

---

ஜாலான் டூத்தா வழக்கறிஞர் எழுதுகிறார்:

சகோதரிக்கு வணக்கம். மேலே ஐயா எழுதியவற்றில் விதிகளைப் பற்றிய பகுதி மிகவும் பயனுள்ளது. ஆனால் அவருடைய கடைசி யோசனையை ஒரு திருத்தத்தோடுதான் ஏற்றுக்கொள்ள வேண்டும். அதை முதலில் சொல்லிவிடுகிறேன், ஏனெனில் உங்களுக்கு நேரம் ஓடிக்கொண்டிருக்கிறது.

அரசு அமைப்பின் முடிவை எதிர்க்கும் சீராய்வு மனு, 2012ஆம் ஆண்டு நீதிமன்ற விதிகளின் 53ஆம் கட்டளையின்கீழ் தாக்கல் செய்யப்படுகிறது. மனுவுக்கான காரணம் முதலில் எழுந்த நாளிலிருந்தோ, முடிவு மனுதாரருக்கு முதலில் தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்தோ தாமதமின்றியும், எப்படியும் மூன்று மாதங்களுக்குள்ளும் அதைக் கொண்டுவர வேண்டும். பழைய விதிகளில் இது 40 நாளாக இருந்தது. துறைக்கு மேல்முறையீட்டுக் கடிதம் எழுதிவிட்டுப் பதிலுக்குக் காத்திருப்பதால் இந்தக் கடிகாரம் நிற்பதில்லை. ஐந்து வாரங்கள் போய்விட்டன என்கிறீர்கள். ஆகவே மேல்முறையீட்டை அனுப்புங்கள். அதே வேளையில் மனுவையும் தயார் செய்யுங்கள். ஒன்றுக்காக மற்றொன்றை நிறுத்த வேண்டாம்.

இப்போது நீங்கள் கேட்ட முக்கியமான கேள்விக்கு வருகிறேன். பழைய முடிவு தவறானது என்பதாலேயே நீதிமன்றம் அதைத் திறந்து பார்க்கும் என்று பலர் நம்புகிறார்கள். அப்படியில்லை. பகாங் ரவூப்பில் புக்கிட் கோமான் கிராமத்தினர், தங்கள் ஊரருகே சயனைட் கொண்டு தங்கம் பிரிக்கும் ஆலைக்கு 1997இல் வழங்கப்பட்ட சுற்றுச்சூழல் ஒப்புதலை 2008இல் நீதிமன்றத்தில் எதிர்த்தார்கள். வழக்கு, நாட்டின் உச்ச நீதிமன்றமான கூட்டரசு நீதிமன்றம்வரை சென்றது. காலக்கெடு என்பது நீதிமன்றத்தின் அதிகாரத்தையே தொடும் அடிப்படை விவகாரம் என்றும், தாமதத்திற்கான விளக்கம் நிராகரிக்கப்பட்டபின் வழக்கின் நியாயத்தை ஆராய வேண்டியதில்லை என்றும் 2013இல் தீர்ப்பானது. கிராமத்தினரின் அச்சம் நியாயமானதா என்ற கேள்விக்கு அங்கே இடமே கிடைக்கவில்லை. உங்கள் வழக்கில் எதிர்த்தரப்பு தூக்கிப் பிடிக்கப்போகும் முதல் தீர்ப்பு இதுதான்.

ஆயினும் உங்கள் நிலைமை அதிலிருந்து வேறுபடுகிறது என்று வாதிட இடம் உண்டு. முடிவு ‘முதலில் தெரிவிக்கப்பட்ட நாள்’ எது என்பதே இங்கே கேள்வி. காலிசெய்த வீட்டுக்கு அனுப்பிய கடிதம், சரியான முகவரி கைவசம் இருக்கும்போது, தெரிவித்ததாக ஆகாது என்பது உங்கள் பக்கம். அரசிதழ் அறிவிப்பு எல்லோருக்கும் தெரிவித்ததற்குச் சமம் என்பது அவர்கள் பக்கமாக இருக்கும். அதைவிடக் கடினமானது, 1999 மே மாதம் உங்கள் அப்பாவே நேரில் போய்க் கேட்டு, நீக்கப்பட்ட செய்தியை வாய்மொழியாக அறிந்துகொண்டது. இதை மறைக்கும் எண்ணம் வேண்டவே வேண்டாம். முகப்பிடத்தில் ஒருவர் வாயால் சொன்னது எந்த விதியின்கீழ், என்ன காரணத்திற்காக என்று எதையும் தெரிவிக்கவில்லை. காரணம் தெரியாத முடிவை எதிர்க்க இயலாது என்று நாம் வாதிடலாம். ஒரு நீதிபதி இதை ஏற்கக்கூடும், இன்னொருவர் ஏற்காமலும் போகலாம். அதனால் மாற்று வேண்டுகோளாக, 53ஆம் கட்டளையின் 3(7) விதியின்கீழ் காலநீட்டிப்பும் கேட்டாக வேண்டும். தக்க காரணம் இருப்பதாகக் கருதினால் நீதிமன்றம் கால அவகாசத்தை நீட்டிக்கலாம் என்கிறது அவ்விதி.

உங்களுக்கு வலுவான இரண்டாவது வழி, ஐந்து வாரங்களுக்கு முன் வந்த மறுப்புக் கடிதமே. அது உங்கள் அம்மாவுக்கு, அவருடைய விண்ணப்பத்தின்மீது எடுக்கப்பட்ட முடிவு. அதை எதிர்ப்பதற்குக் காலம் இன்னும் கடக்கவில்லை. பழைய முடிவையே திரும்பச் சொல்லும் கடிதத்தைப் புதிய முடிவாகக் காட்டிக் காலக்கெடுவைத் தாண்ட முயல்வதை நீதிமன்றங்கள் கூர்ந்து பார்க்கும் என்பது உண்மைதான். ஆனால் இங்கே விண்ணப்பம் வேறு, விண்ணப்பித்தவர் வேறு, கேட்ட உரிமையும் வேறு. ஆகவே 1999 உத்தரவை இரத்து செய்யவும், இந்த மறுப்பை இரத்து செய்து மீண்டும் பரிசீலிக்கக் கட்டளையிடவும் ஒரே மனுவில் கேட்பது என் விருப்பம்.

மனுதாரர் யார் என்பதையும் இப்போதே தீர்மானிக்க வேண்டும். முடிவால் பாதிக்கப்பட்ட எவரும் மனு செய்யலாம் என்பது 53ஆம் கட்டளையின் 2(4) விதி. மீண்டும் வேலை கேட்கும் உரிமை அப்பாவோடு போய்விட்டது. எஞ்சியிருப்பது அவருடைய சொத்துக்கு வர வேண்டியதும் அம்மாவின் சொந்த உரிமையுமே. அம்மா தன் பெயரிலும், நிர்வாக உரிமைப் பத்திரம் பெற்று அப்பாவின் சொத்து நிர்வாகியாகவும் நிற்பது பாதுகாப்பானது. அந்தப் பத்திரத்திற்கு உடனே விண்ணப்பியுங்கள்.

நியாயத்தின் பக்கம் பார்த்தால் உங்கள் கை ஓங்கியே இருக்கிறது. தன் தரப்பைச் சொல்ல நியாயமான வாய்ப்பளிக்காமல் எந்த அரசு ஊழியரையும் நீக்கவோ பதவியிறக்கவோ கூடாது என்கிறது கூட்டரசு அரசியலமைப்பின் 135(2) பிரிவு. 1958இல் நீக்கப்பட்ட போலீஸ் இன்ஸ்பெக்டர் சுரிந்தர் சிங் கண்டாவின் வழக்கில், விசாரணைக் குழுவின் அறிக்கையை அவருக்குக் காட்டாமல் முடிவெடுத்த அதிகாரியிடம் மட்டும் கொடுத்ததற்காக, அந்தப் பணிநீக்கம் செல்லாது என்று அன்று நம் வழக்குகளுக்கு இறுதி மேல்முறையீட்டு மன்றமாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சில் 1962இல் தீர்ப்பளித்தது. தான் டெக் செங் வழக்கில் 1996இல் மேல்முறையீட்டு நீதிமன்றம், அரசியலமைப்பின் 5ஆம் பிரிவில் உள்ள ‘உயிர்’ என்ற சொல் பிழைப்புத் தொழிலையும் உள்ளடக்கும் என்றது. அதேபோல ராமச்சந்திரன் வழக்கில் கூட்டரசு நீதிமன்றம், முடிவெடுத்த முறையை மட்டுமன்றி முடிவின் சாரத்தையும் நீதிமன்றம் ஆராயலாம் என்று வழிதிறந்தது. ஒன்றை மட்டும் மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்: வாய்ப்பு என்றால் நேரடி விசாரணை என்று பொருளல்ல. எழுத்து மூலம் பதில் சொல்ல இடமளித்தாலே போதும் என்று நஜார் சிங் வழக்கில் பிரிவி கவுன்சில் சொல்லிவிட்டது. உங்கள் அப்பாவுக்கு அந்த எழுத்து வாய்ப்புகூடக் கிடைக்கவில்லை என்பதையே நாம் சொல்ல வேண்டும்.

சாதாரண உரிமையியல் வழக்காகத் தொடுத்தால் என்ன என்று சிலர் யோசனை சொல்லக்கூடும். ஜொகூரில் நீக்கப்பட்ட ஓர் அரசு ஊழியர் அப்படித் தொடுத்தபோது, இத்தகைய விவகாரம் சீராய்வு மனுவாகவே வர வேண்டும் என்று 2010இல் அகமது ஜெஃப்ரி வழக்கில் கூட்டரசு நீதிமன்றம் கூறிவிட்டது. இழப்பீட்டு வழக்காகப் போனால், 1948ஆம் ஆண்டு அரசு அதிகாரிகள் பாதுகாப்புச் சட்டத்தின் 36 மாதக் கெடு குறுக்கே நிற்கும்.

நடைமுறை இதுதான். கோரிக்கைகளையும் காரணங்களையும் சொல்லும் அறிக்கை, உண்மைகளை உறுதிசெய்யும் சத்தியப் பிரமாணப் பத்திரம் இரண்டுடனும் முதலில் மனுவைத் தொடர நீதிமன்றத்தின் அனுமதி கேட்க வேண்டும். விசாரணைக்குக் குறைந்தது மூன்று நாட்களுக்கு முன் சட்டத்துறைத் தலைவர் அலுவலகத்திற்கு அவை போய்ச் சேர வேண்டும். அவர்கள் வந்து எதிர்ப்பார்கள் என்றே வைத்துக்கொள்ளுங்கள். மனு அற்பமானதல்ல, வாதத்திற்கு இடமுள்ளது என்று காட்டினால் அனுமதி கிடைக்கும். அந்த வாசற்படி உயரமானதல்ல. காலக்கெடு மட்டும்தான் உயரமான படி.

---

பட்டர்வொர்த் வாசகர் எழுதுகிறார்:

நான் வழக்கறிஞன் அல்லன். ஆனால் தாமதத்தால் தோற்றவன் என்ற முறையில் எழுதுகிறேன். 2011இல் என் சிறு உணவுக் கடையின் உரிமத்தை ஓர் அதிகார அமைப்பு இரத்து செய்தது. பக்கத்துக் கடையைப் பற்றிய புகாரை என் கோப்பில் சேர்த்துவிட்டார்கள் என்பது எனக்கு நிச்சயமாகத் தெரியும். நான் செய்ததெல்லாம் மேல்முறையீட்டுக் கடிதம் எழுதியதுதான். ஒவ்வொரு முறையும் ‘டாலாம் பெர்திம்பாங்ஙான்’, பரிசீலனையில் உள்ளது என்று பதில் வரும். பரிசீலிக்கிறார்களே என்று நம்பிப் பதினான்கு மாதங்கள் காத்திருந்தேன். அப்போது கெடு 40 நாள் என்பது எனக்குத் தெரியாது.

ஜார்ஜ்டவுன் லைட் ஸ்திரீட் உயர் நீதிமன்றத்தில் அனுமதி விசாரணை அரை மணி நேரம்கூட நீடிக்கவில்லை. கடை ஏன் மூடப்பட்டது என்பதைப் பற்றி நீதிபதி ஒரு கேள்வியும் கேட்கவில்லை. என் சத்தியப் பிரமாணப் பத்திரத்தைப் புரட்டிவிட்டு, ஆறாம் மாதத்திலிருந்து பதினோராம் மாதம்வரை மனுதாரர் என்ன செய்துகொண்டிருந்தார் என்று என் வழக்கறிஞரைக் கேட்டார். பத்திரத்தில் அந்த ஐந்து மாதங்களுக்கு ஒரு வரிகூட இல்லை. உண்மையில் அப்போது என் மனைவி அறுவை சிகிச்சைக்குப்பின் படுக்கையில் இருந்தார், நான்தான் பார்த்துக்கொண்டேன். அதை எழுத வேண்டும் என்று எனக்குத் தோன்றவில்லை, சொந்த விஷயம் எதற்கு என்று விட்டுவிட்டேன். அனுமதி மறுக்கப்பட்டது.

ஆகவே சகோதரி, அப்பா ஏன் பேசாமலிருந்தார் என்பதைக் கூச்சப்படாமல் முழுமையாக எழுதுங்கள். காசநோயை மறைத்தது, மருந்தெடுத்த காலம், காவலாளி வேலை, அவர் இறந்த நாள், பெட்டியைத் திறந்த நாள், துறைக்கு எழுதிய நாள், பதில் வந்த நாள் என்று ஆண்டுவாரியாக, கடைசிச் சில மாதங்களுக்கு வாரவாரியாக வரட்டும். அவர் இறந்தபிறகு விண்ணப்பிக்கும்வரை நீங்கள் எடுத்துக்கொண்ட மாதங்களையும் கேட்பார்கள். நாட்காட்டி ஒன்றைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு எழுதுங்கள்.

---

பழைய நிர்வாக ஊழியர் எழுதுகிறார்:

வழக்கறிஞர் சொன்னது சரி. நான் அலுவலகக் கண்ணோடு மட்டும் பார்த்துவிட்டேன். மேல்முறையீடு எழுதிக் காத்திருந்தால் பட்டர்வொர்த் ஐயாவின் கதைதான் மீண்டும் நடந்திருக்கும்.

ஒன்று சேர்க்கிறேன். கோப்பு அழிக்கப்பட்டுவிட்டது என்று துறை பதில் சொன்னால் மனம் தளர வேண்டாம்; அந்தப் பதிலையும் எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். பதிவு அஞ்சல் அனுப்பியதற்கான சான்று தங்களிடம் இல்லை என்று அவர்களே ஒப்புக்கொள்வதாக அது ஆகிவிடலாம். அரசிதழ் அறிவிப்பின் எண்ணும் தேதியும் என்ன என்பதையும் தனியாகக் கேளுங்கள். 26ஆம் விதியில் அரசிதழ் ஒரு படி. அந்தப் படி ஏறப்படவே இல்லையென்றால், நீக்கப்பட்டதாகக் கருத அடிப்படையே இருக்காது.

---

செந்தூல் மகள் எழுதுகிறார்:

மூவருக்கும் என் குடும்பத்தின் நன்றி. நேற்றிரவு இதையெல்லாம் அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். காசநோயைப் பற்றி நீதிமன்றத் தாளில் எழுத வேண்டியிருக்கும் என்றதும் வெகுநேரம் பேசாமலிருந்தார். பிறகு, அவர் பயந்தது உறவுக்காரர்களுக்காக, அவர்களில் பாதிப் பேர் இப்போது இல்லை, எழுதிக்கொள் என்றார்.

ஐயா சொன்னபடி துறைக்கும் மருத்துவமனைக்கும் தனித்தனியே எழுதி, இரண்டு கடிதங்களையும் இன்று காலை பதிவு அஞ்சலில் அனுப்பிவிட்டேன். அரசிதழ் எண்ணையும் கேட்டிருக்கிறேன். கோலாலம்பூரில் உள்ள வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையத்தை அணுகியதில் அடுத்த செவ்வாய்க்கிழமை வரச் சொல்லியிருக்கிறார்கள். மறுப்புக் கடிதம் வந்த உறையை அம்மா சாமி படத்துக்குப் பின்னால் செருகி வைத்திருந்தார். அஞ்சல் முத்திரைத் தேதி தெளிவாக இருக்கிறது. எண்ணிப் பார்த்தால் மூன்று மாதம் நிறைய இன்னும் ஏழு வாரங்களும் இரண்டு நாட்களும் உள்ளன.

இரண்டு ஐயங்கள். அம்மாவுக்கு மலாய் பேச வரும், படிக்க வராது. கையெழுத்தும் போடமாட்டார், பெருவிரல் ரேகைதான் வைப்பார். அவருடைய சத்தியப் பிரமாணம் செல்லுமா? முத்திரை உள்ள மூலத் தாள்களைச் செவ்வாய்க்கிழமை அங்கே ஒப்படைத்துவிட வேண்டுமா?

---

ஜாலான் டூத்தா வழக்கறிஞர் எழுதுகிறார்:

தாராளமாகச் செல்லும். பத்திரம் மலாயில் இருக்கும். அது அம்மாவுக்குப் புரியும் மொழியில் வாசித்துக் காட்டப்பட்டது, அவர் புரிந்துகொண்டதாகத் தெரிந்தது, தம் முன்னிலையில் ரேகை வைத்தார் என்று சத்தியப் பிரமாண ஆணையர் அடியில் சான்று எழுத வேண்டும். அந்தச் சான்று வரி விடுபட்டால்தான் சிக்கல், ஆகவே ஆணையர் முத்திரை வைப்பதற்குமுன் நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள். முகப்பிடத்தில் சான்றுகளைக் கொடுத்த நாட்களைப் பற்றி அம்மாவுக்கு நினைவிருப்பதை, எந்தப் பேருந்து, யார் வாங்கினார், என்ன சொன்னார் என்பதுவரை, செவ்வாய்க்கிழமைக்கு முன் அவர் சொல்லச்சொல்ல நீங்கள் தமிழிலேயே எழுதி வையுங்கள். நினைவில் இல்லாததை இல்லை என்றே எழுதுங்கள்.

மூலத் தாள்களை எவரிடமும் ஒப்படைக்க வேண்டாம். ஒவ்வொன்றையும் நெகிழி உறையில் தனியாக வைத்து எடுத்துச் செல்லுங்கள், காட்டி நகல் எடுத்தபின் திரும்ப வாங்கிக்கொள்ளுங்கள். ஊதா மை வெளிச்சத்தில் மங்கும், அதனால் இன்றே வண்ண நகல் எடுத்துவிடுங்கள். 1996ஆம் ஆண்டு முகவரிக் கடிதத்தை மட்டும் இரண்டு நகலாக எடுங்கள்.